இருபத்தெட்டாம் நம்பர் கரி

மே 3, ஞாயிறு

காலை எட்டுக்கே வெயில் மண்டையைப் பிளக்கிறது. நாளை கத்திரி ஆரம்பம். செய்ய வேண்டியவை: டப்பிகளுக்கு மூடி, பன்னிரண்டு. ஊசிப்பலகைக்கு ஸ்பிரிங் மாற்ற. பின்கட்டு அறைக்குப் பூட்டு. நான் எழுதிவரும் கரிநூலுக்கு ஆறாம் அதிகாரம், இன்னும் ஒரு வரி எழுதவில்லை. வெட்கக்கேடு.

இட்லி கல். தட்டைத் தள்ளினேன், சுவர் வரைக்கும் போய் விழுந்தது. சுமதி குனிந்து பொறுக்கினாள். கல்யாணமாகி இருபது வருடம், ஒரு இட்லி வரவில்லை என்றால் மனிதன் என்னதான் செய்வான். பெண் கோயம்புத்தூர் ஹாஸ்டலில் இருந்து லீவுக்கு வரமாட்டாளாம். ஏதோ புராஜெக்டாம். போன லீவுக்கும் இதையேதான் சொன்னாள்.

ஆறாம் அதிகாரத்துக்குக் குறிப்பு, இங்கேயே கிறுக்கி வைக்கிறேன், பிறகு நல்ல நோட்டில் ஏற்றலாம்:

அ) ஈரம் காயாத பழுப்புக் கரி, கொட்டைப்பாக்கு அளவு. மந்திரம் சொல்லி, ஈரத்துணியில் சுற்றி, டப்பியில் போட்டு இடுப்பில் கட்டிக்கொண்டால் உடம்பில் விழுகிற அடி கரிக்குள் போய்விடும். வலி இல்லை, தழும்பு இல்லை. பெயர்: அடிவாங்கி. கண்டுபிடித்தது நான். கரி மந்திரம் பழகுகிற எங்கள் கரிக்கை சபையின் பழைய ஏட்டில் கரிக்குக் காது உண்டு என்றுதான் இருக்கிறது. அதற்கு வயிறும் உண்டு என்று காட்டியவன் நான்.

ஆ) நிறைந்த கரியைத் தண்ணீரிலேயே வைக்க வேண்டும். காய்ந்தால் வெடிக்கும். உள்ளே உள்ள அடி பக்கத்தில் நிற்பவன் மேல் விழும், யாராக இருந்தாலும்.

இ) அடித்தவனை முக்காலியில் உட்காரவைத்து, மந்திரம் சொல்லி உடைத்தால் அத்தனையும் அவனுக்கே திரும்பும்.

ஈ) ஆள் அவன்தானா என்று பார்க்க: கரியைக் கையில் வைத்தால் அடித்தவனுக்குச் சுடும். மற்றவர்களுக்கு ஜில்லென்று இருக்கும்.

உ) முக்காலியில் உட்கார்ந்தவன் அதற்குப் பிறகு சபையில் இருக்கக் கூடாது. இது பழைய விதி, என்னுடையது அல்ல.

மாலை சபை. மந்தாரக்குப்பத்தில் தமிழ்ச்செல்வி அக்காவின் தையல்கடைக்கு மேல்மாடி. கீழே மிஷின்கள் ஓடுகிற சத்தத்தில் மேலே எவன் கத்தினாலும் தெருவுக்குக் கேட்காது. அதற்காகவே பிடித்த இடம்.

இன்றைய ஆள் முத்தாண்டிக்குப்பத்துக்காரன், பலாப்பழ லோடு ஏற்றுகிறவன். சட்டைக்கு அளவெடுக்க என்று சொல்லி அக்கா மேலே அனுப்பினார். கரியைக் கையில் வைத்ததும் "ஐயோ" என்று உதறினான். அவனேதான். தலைவர் ராஜமாணிக்கம் ஐயா தோளை அழுத்தி உட்காரவைத்தார். நான் உடைத்தேன். அடியை எண்ணுகிற ஊசிப்பலகை சொன்ன கணக்கு பதினான்கு. யாரும் அவனைத் தொடவில்லை. கன்னம் தானாகத் திரும்பியது, மறுபடி திரும்பியது, உதடு கிழிந்தது. ஒன்பதாவது வயிற்றில். மடங்கிப்போய் வாந்தி எடுத்தான். பதினான்கும் விழுந்த பிறகு அழுதுகொண்டே சொன்னான்:

"பொண்டாட்டிக்கு எப்பவாச்சும் ஒண்ணு வெப்பேங்க. அவ்ளோதாங்க. சாமி சத்தியமா."

எப்பவாச்சுமாம்! பதினான்கு. இவர்களுக்கு எண்ணவே தெரியாது. நான் பேனாவை மூடிவிட்டு ஒரு டீ குடித்தேன். நல்ல டீ.

மே 5, செவ்வாய்

சுரங்கத்தில் மத்தியான B ஷிப்ட். காலையில் நேரம் இருந்ததால் அளவு வேலை.

அக்கா நான்கு நிறைந்த கரி கொடுத்தனுப்பியிருந்தார், பெயிண்ட் வாளியில் தண்ணீரோடு. ஒவ்வொன்றுக்கும் நம்பர் மட்டும். யாருடையது என்பது அக்காவின் மனதில் மட்டும்தான் இருக்கும். செய்கிறவனுக்குப் பெயர் தெரியக்கூடாது, அதுதான் ஏற்பாடு. கட்டிவிடும்போது பெண்களிடம் அக்கா ஒன்றே ஒன்றுதான் சொல்வாராம். "வலிக்கலன்னாலும் கத்துங்கடி. கத்தலன்னா அவனுக்கு சந்தேகம் வந்துரும்."

ஊசிப்பலகை ஸ்பிரிங் மாற்றிய பிறகு அருமையாக வேலை செய்கிறது. கழித்துப் போட்ட ஆம்ப் மீட்டரின் முள், அவ்வளவுதான், ஆனால் கரியைப் பலகையில் வைத்து மந்திரம் சொன்னால் ஓர் அடிக்கு ஒரு துள்ளல். பலமான அடி என்றால் உயரத் துள்ளும். வரிசை மாறாது.

நம்பர் 11: ஐந்து.
நம்பர் 19: எட்டு.
நம்பர் 6: ஒன்பது.
நம்பர் 28: நாற்பத்தொன்று.

இருமுறை அளந்தேன். நாற்பத்தொன்று. எட்டு மாதமாகக் கட்டியிருந்த கரியாம். மூன்று இடத்தில் முள் கடைசி வரைக்கும் போய்க் கண்ணாடியில் தட்டியது. அது வெறும் கை அல்ல. கட்டையோ, டார்ச்சோ, ஏதோ ஒன்று. இரண்டு இடத்தில் நிறுத்தாமல் ஐந்து ஆறு துள்ளல். விழுந்த பிறகும் அடித்திருக்கிறான். எந்த நாய் இது? இப்படி ஒருவன் இந்த ஊரில் என்னோடு டீக்கடையில் நிற்கிறான், பஸ்ஸில் பக்கத்தில் உட்காருகிறான்.

28ஐக் கையில் எடுத்தபோது நன்றாகவே சுட்டது. இந்தச் சரக்கு தானாகச் சூடேறுவது தெரிந்த விஷயம்தான். யார்டில் குவியல் குவியலாகப் புகைவதை இருபது வருடமாகப் பார்க்கிறேன். உடனே வாளியில் போட்டுவிட்டேன்.

கரண்ட் போயிருந்தது, டார்ச்சில் பேட்டரி இல்லை, சுமதியிடம் சத்தம் போட்டேன். வாங்கி வைத்தேனே என்றாள். எங்கே வைத்தாள் என்று அவளுக்கே தெரியவில்லை. ஷிப்டுக்கு நேரமாகிவிட்டது, போகிற வழியில் வாளியை அக்கா கடையில் இறக்கவேண்டும்.

மே 7, வியாழன்

பாலு செத்துப் பிழைத்திருக்கிறான்.

பாலு சபையில் இளங்கை, புதிதாகச் சேர்ந்தவன். கிரேன் ஓட்டுகிறான், காண்ட்ராக்ட். வந்த நாளிலிருந்து ஒரே பாட்டு: நிறைந்த கரியை ஏன் உடைக்க வேண்டும், பகையாளி மேல் எறியலாமே என்று. நேற்று யாருக்கும் தெரியாமல் அக்கா கடை வாளியிலிருந்து நம்பர் 6ஐ எடுத்துப் போயிருக்கிறான், அவனுடைய சூப்பர்வைசருக்காக. வீட்டில் அடுப்புக்குக் கரி காயப்போடுகிற கை அது. ஈரக்கரியைப் பார்த்தால் சும்மா இருக்குமா? பழக்கதோஷத்தில் மொட்டைமாடியில் பரப்பிவிட்டான். காலையில் அங்கேயே நின்று பல் விளக்கியிருக்கிறான்.

முன்பல் மூன்று போச்சு. காறை எலும்பு உடைந்தது. ஒரு கண் மூடிக்கிடக்கிறது. மாடியில் இருந்து விழுந்தேன் என்று ஆஸ்பத்திரியில் சொல்லியிருக்கிறான். நான் ஆரஞ்சு வாங்கிக்கொண்டு போனேன், அதைத் தின்ன அவனுக்குப் பல் இல்லை என்பது அங்கே போன பிறகுதான் உறைத்தது.

"ஒம்போதுதான் இருந்துச்சு பாலு" என்றேன். ஆறுதலாகத்தான் சொன்னேன்.

"எவன் சொன்னான் ஒம்போதுன்னு? இருவதுக்குக் கொறையாது. நா எண்ணிக்கினே இருந்தேன். ஒன் பலகைய தூக்கி அடுப்புல வெய்யி."

அடி வாங்குகிறவனுக்கு எண்ணிக்கை நிற்குமா? மூன்றாவதுக்கு மேல் எல்லாம் இருபதுதான். படிக்காத முட்டாள். திருடின கரி, அதில் பேச்சு வேறு.

மே 8, வெள்ளி

அவசர சபை. பாலுவின் ஆட்கள் ஒரே கூச்சல். பலகை பொய், வேலு சார் வாய்ஜாலம், நாளைக்கு எங்கள் வீட்டுப் பெண்கள் இடுப்பில் வெடித்தால் யார் பொறுப்பு, இப்படி. ஒருவன் என் சட்டையைப் பிடித்தான். நான் அவன் மூக்கில் ஒன்று வைத்தேன். ரத்தம். நாற்காலி பறந்தது. ராஜமாணிக்கம் ஐயா கன்வேயர் பெல்ட் செக்‌ஷனில் முப்பத்தைந்து வருடம் கத்தின தொண்டை, ஒரே அதட்டல், எல்லாம் அடங்கியது.

அவர் தீர்ப்பு: "வர்ற ஞாயிறு இல்ல, அதுக்கு அடுத்த ஞாயிறு. இருக்கறதுலயே நெறைஞ்ச கரி எதுவோ அத எல்லார் முன்னாடியும் ஒடைப்போம். அடிச்சவன் முக்காலியில குந்தணும். பலகை சொன்ன கணக்கும் விழுற அடியும் ஒத்துப்போச்சா, கரிக்கு சபை முத்திரை. ஒண்ணு கூடுனாலும் கொறைஞ்சாலும், ஆள் வரலன்னாலும், குடுத்த கரி அத்தனையும் திரும்ப வாங்கி மைன்ஸ் தண்ணியில கொட்டிருவேன். அதுவரைக்கும் யாருக்கும் புதுக்கரி கெடையாது."

அதாவது 17ஆம் தேதி. சந்தோஷமாகத்தான் வீட்டுக்கு வந்தேன். நம்பர் 28 இருக்கிறதே! நாற்பத்தொன்றும் ஒவ்வொன்றாக விழும், பாலு பொக்கைவாயை மூடிக்கொண்டு எண்ணட்டும். பதினொரு வருட உழைப்பு. அறுபத்து மூன்று பெண்கள் இப்போது கட்டியிருக்கிறார்கள். முத்திரை கிடைத்தால் அறுநூறு பேருக்குச் செய்யலாம்.

மே 10, ஞாயிறு

கடை மூடியிருந்தது, அக்கா உள்ளே ஹூக் தைத்துக்கொண்டிருந்தார். 28இன் ஆள் யார், அடுத்த ஞாயிற்றுக்கிழமை எப்படி அழைத்து வருவது என்று கேட்கத்தான் போனேன்.

அக்கா வாளியில் கைவிட்டு 28ஐ எடுத்தார். தன் உள்ளங்கையில் கொஞ்ச நேரம் வைத்திருந்தார். பிறகு என் கையில் வைத்தார். சுரீர்.

"இது தானா சூடாவுற சரக்குக்கா" என்றேன்.

"தானா சூடாவுறது என் கையில ஏன் ஜில்லுனு இருக்குது தம்பி?"

ஃபேனுக்குக் கீழே உட்கார்ந்திருக்கிறீர்கள், கை குளிர்ந்திருக்கும் என்று சொன்னேன். வயதாக ஆக ரத்த ஓட்டமும் குறையும். அக்கா என்னையே பார்த்தார். நூலைப் பல்லால் கடித்தார்.

"அந்தப் பொம்பளையே ஒங்கிட்ட சொல்றேன்னுது. நா எதுக்கு நடுவுல."

வரும் வழியெல்லாம் எரிச்சல். பெண்களுக்கு எதையும் நேராகச் சொல்ல வராது. அறிவியலும் தெரியாது.

மே 12, செவ்வாய்

எழுதவேண்டாம் என்று பார்த்தேன். எழுதுகிறேன்.

இன்று ஷிப்ட் ஆஃப். பதினொரு மணி. சுமதி முருங்கைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். நான் 28ஐப் பற்றிப் பேசிக்கொண்டே இருந்தேன், அந்த நாயை எப்படிப் பிடிப்பது, அவனைக் கன்வேயரில் கட்டி இழுக்கவேண்டும், அது இது என்று. அவள் தலை நிமிரவில்லை.

"அது என்னுதுங்க" என்றாள்.

எனக்குப் புரியவில்லை. எது என்றேன்.

"அந்தக் கரி. ஜாக்கெட் தெக்க போன எடத்துல அக்கா என் கையில தழும்பப் பாத்துட்டாங்க. கட்டிக்கிறியான்னாங்க. நீங்க பின்னாடி ரூம்ல பண்ணிக்கினு இருக்கறதுதான்னு தெரியும். நீங்க செய்யற சாமான் எதுவும் சோடை போனதில்லீங்க. அதான் தைரியமா கட்டிக்கினேன்."

கை போய்விட்டது.

இல்லை. அடித்தேன். இந்த நோட்டில் கணக்கைத் தவறாக எழுதுவதில்லை.

கன்னத்தில். உதடு பல்லில் பட்டுக் கிழிந்து முருங்கைக்காய் மேல் சொட்டியது. அவள் சத்தமே போடவில்லை. அரிவாள்மணையைக் கொஞ்சம் தள்ளி வைத்துவிட்டு முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். இத்தனை மாதம் "ஐயோ, வேணாங்க" என்று பக்கத்து குவார்ட்டர்ஸ் கதவு திறக்கிற அளவுக்குக் கத்தினவள். இன்று இடுப்பில் கரி இல்லை. புதுக்கரி கிடையாது என்று சபை நிறுத்தி வைத்திருக்கிறது. இன்று நிஜமாக வலித்திருக்கிறது, வாயே திறக்கவில்லை.

மத்தியானம் சாப்பாடு வைத்தாள். முருங்கைக்காயைக் கழுவி அதையே சாம்பாரில் போட்டிருந்தாள். சாப்பிட்டேன். என்ன ஜென்மம் நான்.

மே 13, புதன்

தூக்கம் இல்லை. கோபம்தான். எட்டு மாதம் என்னை ஏமாற்றியிருக்கிறாள்! நடித்திருக்கிறாள். நான் அடித்துவிட்டு, மனசு கேட்காமல் போய் அல்வா வாங்கி வந்த நாட்கள் உண்டு. அதையும் வாங்கித் தின்றாள். ஒரு கீறல்கூட இல்லாத உடம்போடு.

பிறகு உட்கார்ந்து பட்டியல் போட்டேன். செப்டம்பரிலிருந்து நினைவில் உள்ளவை:

சம்பளச் சீட்டைத் தொலைத்தபோது.
டார்ச்.
என் தம்பி வந்திருந்தபோது எதிர்த்துப் பேசியது.
பொங்கலுக்கு முந்தின நாள் (எதற்கு என்று நினைவில்லை).
ஊசிப்பலகையைத் துடைக்கிறேன் என்று நகர்த்தியது.
போனை எடுக்காதது, இருமுறை.

ஏழு. எவ்வளவு இழுத்தாலும் ஏழுதான். ஏழு எங்கே, நாற்பத்தொன்று எங்கே? அப்படியானால் பலகையில் கோளாறு. ஸ்பிரிங் புதிது, அதனால் இரட்டிப்பாகத் துள்ளுகிறது. பாலு சொன்னதில் விஷயம் இருக்கலாம்.

சோதனை. புதுக்கரி ஒன்றை என் இடுப்பில் கட்டிக்கொண்டு தொடையில் சுத்தியல் காம்பால் பத்து அடி. பலகை: பத்து. இன்னொரு கரி, இருபத்தைந்து. பலகை: இருபத்தைந்து. பழைய ஸ்பிரிங்கைத் திரும்பப் போட்டு, அக்காவிடம் கேட்டு வாங்கி வந்த 28ஐ வைத்தேன். நாற்பத்தொன்று. பலகையைத் தலைகீழாக, பக்கவாட்டில், தரையில், மேஜையில். நாற்பத்தொன்று. நாற்பத்தொன்று. கடைசியில் பின்கட்டுச் சுவரில் என் தலையையே இரண்டு முறை மோதிக்கொண்டேன். இடுப்பில் கரி இருந்ததால் வலிக்கவில்லை. பலகையில் வைத்தேன். இரண்டு.

மே 15, வெள்ளி

தலைவருக்குக் கடிதம் எழுதிவிட்டேன். சுருக்கமாக:

மதிப்பிற்குரிய ஐயா, ஊசிப்பலகையில் பிழை இருப்பது எனக்கே தெரியவந்துள்ளது. எண்ணிக்கையை நம்ப இயலாது. அடிவாங்கிக் கரிகளைச் சபை திரும்பப் பெற்றுக்கொள்ளலாம். இப்படிக்கு, வேலு, நடுக்கை.

நான்கு வரிதான். இதைக் கொடுத்தால் முக்காலி இல்லை. சபையில் இருக்கலாம், கரிநூல் எழுதலாம், வேறு எதையாவது கண்டுபிடிக்கலாம். கொடுக்காவிட்டால் நாற்பத்தொன்று, அதோடு சபைக்கும் முழுக்கு.

கேஸ் சிலிண்டர் வந்தது, வாசலுக்குப் போனேன். திரும்பி வந்தால் சுமதி மேஜை பக்கத்தில். கடிதத்தைப் படித்திருக்கிறாள். ஃபேனில் பறக்காமல் இருக்க அதன் மேல் ஒரு டம்ளரை வைத்துவிட்டுப் போனாள். நாலு வார்த்தை திட்டியிருந்தால்கூட எனக்குச் சௌகரியமாக இருந்திருக்கும்.

சாயங்காலம் அக்கா கடைக்குப் போனேன். எதற்கு என்று தெரியவில்லை. பெஞ்சில் ஒரு பெண், இருபத்திரண்டு இருக்கும், கையில் மாவுக்கட்டு. என்னைப் பார்த்ததும் எழுந்து உள்ளே போய்விட்டாள்.

"சேத்தியாத்தோப்புல கட்டிக் குடுத்த பொண்ணு. கரி நெறைஞ்சிட்டுது, வேற குடுங்கக்கான்னு போன வாரமே வந்திச்சி. சபையில நிறுத்திட்டாங்கம்மான்னு அனுப்பிட்டேன்" என்றார் அக்கா. "கடப்பாறையாலதான் அடிப்பானாம். இத்தினி நாளா அது ஒன் கரிக்குள்ள போய்க்கினு இருந்துது."

"நான் என்னக்கா பண்ணட்டும்?"

"எனுக்கு எப்புடிப்பா தெரியும்? படிச்சவன் நீதான்."

மே 17, ஞாயிறு

வெயில். காக்கா கூட இல்லை. கடிதம் சட்டைப்பையில். நான்கு மணிக்குச் சபை. சுமதி நேற்று என் வெள்ளைச் சட்டைக்கு இஸ்திரி போட்டு வைத்திருக்கிறாள். இந்தச் சட்டையை ஏன் எடுத்தாள்? ரத்தம் பட்டால் போகாது.

மே 18, திங்கள்

இடது கையால் எழுதுகிறேன். வலது மணிக்கட்டு வீங்கிவிட்டது. கோணல் எழுத்து, பரவாயில்லை.

நேற்று நடந்தது, வரிசையாக.

மாடி நிறைய ஆள். பாலு கழுத்தில் கை தொங்க முன்வரிசையில். தலைவர் 28ஐத் தட்டில் வைத்தார். பலகை எல்லார் முன்னாலும் துள்ளிக் காட்டியது, நாற்பத்தொன்று. "அடிச்ச ஆளு எங்க?" என்றார். என் கை சட்டைப்பைக்குப் போனது. கடிதத்தின் ஓரத்தைத் தொட்டேன்.

பாலு சிரித்தான். "ஆளே இல்லீங்க. ஆளும் பொய்யி, கணக்கும் பொய்யி, பலகையும் பொய்யி. நா சொல்லல?"

உடனே போய் முக்காலியில் உட்கார்ந்தேன்.

மனம் திருந்தி உட்கார்ந்தேன் என்று எழுதினால் அது புளுகு. சுமதிக்காக அல்ல, மாவுக்கட்டுப் பெண்ணுக்காகவும் அல்ல. அந்தப் பொக்கைவாயன் என் பலகையைப் பொய் என்கிறான், அதைப் பொறுக்க முடியவில்லை. அவ்வளவுதான்.

தலைவர் கரியை என் கையில் வைத்தார். சுட்டுக் கொப்பளித்தது. விரலை விரிக்கவில்லை. ஐயா என்னை ஒரு பார்வை பார்த்தார், பெல்ட்டில் சிக்கிச் செத்தவனைப் பார்க்கிற மாதிரி. பிறகு உடைத்தார். உடைக்கிறவன் எப்போதும் நான். நேற்று முதல்முறையாக இன்னொருவர்.

சத்தமாக எண்ணினேன். ஒன்று, இடது கன்னம். இரண்டு, அதே இடம். மூன்று டார்ச், புருவத்துக்கு மேல், கண்ணுக்குள் ரத்தம் இறங்கியது. ஐந்திலிருந்து பத்து வரை நிறுத்தாமல். முக்காலியிலிருந்து விழுந்தேன், விழுந்த பிறகும் விலாவில் வந்துகொண்டே இருந்தது. என் கால், என் செருப்புக் கால், அதன் குதிகால் தேய்மானம் எனக்குத் தெரியாதா. பதின்மூன்றில் நாக்கைக் கடித்துக்கொண்டேன். பதினாறு, காதில். அதோடு அந்தக் காது செவிடு.

ஒவ்வொன்றும் விழும்போது அது எந்த நாள் என்று தெரிந்தது. நான் பட்டியல் போட்டபோது வராத நாள் எல்லாம் வந்தது. எல்லாமே அற்பம். உப்பு. சாவி. ரசத்தில் கல். டிவி சத்தம். பெண்ணுக்குப் போன் செய்து அழுதது. ஒருநாள் அவள் ஜன்னலோரம் நின்று எதற்கோ தனக்குள் சிரித்துக்கொண்டிருந்தாள், என்ன சிரிப்பு என்று கேட்டேன், ஒன்றுமில்லை என்றாள், அதற்கு இரண்டு. இருபத்தொன்று, இருபத்திரண்டு. கதவில் மோதவைத்தது இருபத்தாறு. அதில் மணிக்கட்டு போனது. அவள் தலையைக் காப்பாற்றிக்கொள்ளக் கையை உயர்த்தியிருக்கிறாள் போலிருக்கிறது, நானும் அப்படியே உயர்த்தினேன்.

இருபத்தேழுக்கு மேல் எனக்கு எண்ண வரவில்லை. வாயில் ரத்தம். தமிழ்ச்செல்வி அக்கா விட்ட இடத்திலிருந்து எண்ணினார். அவர் குரல் நடுங்கவே இல்லை. முப்பது. முப்பத்தொன்று. நான் கெஞ்சினேன். போதும் என்று சொன்னேன், வேண்டாம் என்று சொன்னேன், யாரைப் பார்த்துச் சொன்னேன் என்று தெரியவில்லை. நிற்கவில்லை. நானும் ஒருநாளும் நிறுத்தினதில்லையே.

"நாப்பத்தொண்ணு" என்றார் அக்கா. அதற்குப் பிறகு எதுவும் விழவில்லை. எல்லோரும் கொஞ்ச நேரம் காத்திருந்தார்கள். விழவில்லை.

பாலு எழுந்து போய்விட்டான். தலைவர் முத்திரையைப் பலகையில் குத்தினார். "கணக்கு சரி. நாளையிலேர்ந்து கரி குடுக்கலாம்." பிறகு குனிந்து என் நல்ல காதில்: "இனிமே இந்த மாடி ஏறாத வேலு." அவரே டிவிஎஸ்ஸில் உட்காரவைத்துக் கொண்டுவந்து விட்டார்.

சுமதி வெந்நீர் வைத்துத் துடைத்தாள். அழவில்லை, கடுகடுப்பும் இல்லை, பாத்திரம் துலக்குகிற மாதிரி துடைத்தாள்.

"எத்தினி இருந்துது?"

"நாப்பத்தொண்ணு. சரியா இருந்துச்சு. தீந்துடுச்சு, சுமதி."

துணியைப் பிழிந்தாள்.

"கரி கட்டுனது எட்டு மாசந்தாங்க. அதுக்கு முன்னாடி பத்தொம்போது வருசம் எந்தக் கரியில இருக்கு?"

வெந்நீரைக் கொட்டப் பின்கட்டுக்குப் போய்விட்டாள்.

மே 19, செவ்வாய்

விலாவில் இரண்டு விரிசலாம். ஷிப்ட் இன்சார்ஜுக்குப் போன்: படிக்கட்டில் விழுந்துவிட்டேன் என்றேன். அடுப்படியிலிருந்து சுமதி சிரித்தது கேட்டது. அவள் எத்தனை பேரிடம் எத்தனை முறை இதே படிக்கட்டைச் சொல்லியிருப்பாள். எங்கள் குவார்ட்டர்ஸில் படிக்கட்டே கிடையாது.

பத்து மணிக்கு அக்கா வந்தார், பலகையை எடுத்துப் போக. இனி அது சபையின் சொத்து. மூன்றாவது ஷெல்பில் இருக்கிறது என்றேன், எழுந்திருக்க முடியவில்லை. சுமதிதான் எடுத்து வந்தாள். கொடுக்கவில்லை. என் முன்னால் ஸ்டூலில் வைத்தாள்.

"இத எப்புடிப் பாக்கறதுன்னு சொல்லுங்க."

சொன்னேன். இங்கே கரி. இந்த மந்திரம். ஓர் அடிக்கு ஒரு துள்ளல், முள் உயர உயர பலம் அதிகம். இருமுறை சொல்லவைத்துக் கேட்டுக்கொண்டாள். பிறகு இடுப்பிலிருந்து ஒரு டப்பியை அவிழ்த்தாள். நான் மூடி செய்த பன்னிரண்டில் ஒன்று. உள்ளே புதுக்கரி, நேற்றுத்தான் அக்கா கட்டிவிட்டிருக்கிறார். பலகையில் வைத்து, மந்திரத்தைத் திக்காமல் சொன்னாள். முள் அசையவில்லை.

"இப்படியே அசையாம இருந்தா?" என்றாள்.

"அடி ஒண்ணும் இல்லன்னு அர்த்தம்."

தலையாட்டினாள். கரியை ஈரத்துணியில் சுற்றி மறுபடி இடுப்பில் கட்டிக்கொண்டாள். பலகையை அக்கா கையில் கொடுத்தாள்.

"ஞாயித்துக்கெழம ஞாயித்துக்கெழம வந்து வெச்சிப் பாத்துக்கினு போறேங்க்கா."

"வா" என்றார் அக்கா.

இன்று செவ்வாய். ஞாயிற்றுக்கு இன்னும் ஐந்து நாள். சாம்பாரில் உப்பு இல்லை.